சாம்ராஜ்யப் புத்தகங்களின் வழியே: லண்டனிலிருந்து வேல்ஸ் கடற்கரை வரை

ஞாயிறு, லண்டன்

ரிச்சர்ட் பர்ட்டனின் கல்லறையைப் பார்க்க ஏணி ஏற வேண்டும். லண்டனின் மேற்கே மார்ட்லேக்கில், ஒரு கத்தோலிக்கத் தேவாலயத்தின் கல்லறைத் தோட்டத்தில், அரபிகளின் பாலைவனக் கூடாரம் ஒன்று நிற்கிறது. முழுக்கக் கல். கூடாரத் துணி எங்கே தொய்யும், எங்கே மடியும் என்று பார்த்துப் பார்த்துச் செதுக்கியிருக்கிறார்கள். பின்பக்கம் இரும்பு ஏணி. ஏறினால் கூரைச் சரிவில் ஒரு கண்ணாடி ஜன்னல். வெளிச்சம் கண்ணாடியில் பட்டு எதிரொளித்ததால் இரண்டு கைகளாலும் கண்ணை மறைத்துக்கொண்டுதான் உள்ளே பார்க்க முடிந்தது. வேலைப்பாடுள்ள சவப்பெட்டி ஒன்றில் பர்ட்டன், பக்கத்தில் எளிய பெட்டியில் மனைவி இசபெல். தூசி படிந்த விளக்குகள், ஒரு பூசை மேடை, ஒட்டகத்துக்குக் கட்டும் மணிகள்.

1853-ல் முஸ்லிம் யாத்திரிகராக வேடம் போட்டு மெக்கா வரை போய் வந்தவர் இவர். இருபதுக்கு மேற்பட்ட மொழிகள் தெரியும். 1890-ல் அவர் இறந்ததும், அவர் மொழிபெயர்த்துக்கொண்டிருந்த ஓர் அரபு நூலின் கையெழுத்துப் பிரதியை இசபெல் தீயிலிட்டார். அதே இசபெல்தான் இந்தக் கூடாரத்தையும் கட்டினார். நம் பக்கத்துக்கும் இவரோடு தொடர்பு உண்டு. கம்பெனிப் படை அதிகாரியாக சிந்துவில் இருந்தவர், உடம்பு சரியில்லை என்று விடுப்பு எடுத்து 1847-ல் கோவா, கள்ளிக்கோட்டை வழியாக ஊட்டிக்கு வந்தார். அந்தப் பயணத்தைப் பற்றி 1851-ல் வெளிவந்த 'கோவா அண்ட் தி ப்ளூ மவுண்டன்ஸ்' தான் அவருடைய முதல் புத்தகம்.

இந்த மாதிரி ஆட்களைப் பற்றியும், இந்த மாதிரி ஆட்கள் எழுதியும் வந்த புத்தகங்கள் என் வீட்டில் இரண்டு அலமாரி நிறைய இருக்கின்றன. கல்லூரிக் காலத்திலிருந்து சேர்த்தவை. அவற்றை நான் நேசிக்கிறேன். ஆனால் படிக்கும்போதெல்லாம் ஒரு கேள்வி கூடவே வரும்: இத்தனை விசித்திரமாக வாழ இவர்களுக்கு நேரமும் பணமும் எங்கிருந்து வந்தன, அந்தக் கணக்கை யார் கட்டினார்கள்? இந்த வாரம் முழுக்க அந்தக் கேள்வியோடுதான் ஊர் ஊராகப் போகிறேன்.

திங்கள், லண்டன்

பிரிட்டிஷ் நூலகம். கோட்டையும் பையையும் கீழே வைத்துவிட்டு, பென்சிலும் தாள்களும் மட்டும் எடுத்துக்கொண்டு மூன்றாம் மாடிக்குப் போக வேண்டும். பேனா கூடாது. இந்தியா ஆபீஸ் ஆவணங்கள் இங்கேதான் இருக்கின்றன. வரிசையாக அடுக்கினால் சுமார் 14 கிலோமீட்டர் நீளம் வரும். 1600-ல் கம்பெனி தொடங்கியதிலிருந்து எழுதிய கடிதங்கள், கணக்குகள், தீர்ப்புகள், நில வரைபடங்கள். உறுப்பினர் அட்டை இலவசம். அடையாளச் சான்றும் முகவரிச் சான்றும் போதும். லண்டன் போகிற தமிழர்கள் ஒரு நாளையாவது இதற்கு ஒதுக்க வேண்டும் என்று மனதாரச் சொல்வேன்.

1877-ஆம் ஆண்டின் சென்னை மாகாணப் பஞ்சம் பற்றிய குறிப்புகளைப் படித்தேன். அன்றைய வைஸ்ராய் லிட்டன் பிரபு ஒரு கவிஞர், ஓவன் மெரிடித் என்ற புனைபெயரில் கவிதை வெளியிட்டவர். சாம்ராஜ்ய விநோதங்களைச் சொல்லும் புத்தகங்களில் தவறாமல் வருகிற ஆள். 1877 ஜனவரி 1-ஆம் தேதி டெல்லியில் தர்பார் கூட்டி, விக்டோரியாவை இந்தியாவின் பேரரசி என்று அறிவித்தார். அந்த மாதங்களில்தான் நம் ஊர்களில் ஆட்கள் செத்து விழுந்துகொண்டிருந்தார்கள். நிவாரண வேலை செய்கிற ஆணுக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியமும் கொஞ்சம் சில்லறையும் போதும் என்று பஞ்ச வேலைகளைப் பார்க்க லிட்டன் அனுப்பிய அதிகாரி ரிச்சர்ட் டெம்பிள் கூலியைக் குறைத்தார். ஒரு பவுண்டு என்றால் அரைக் கிலோகூட இல்லை. நாள் முழுக்க மண் சுமக்கிறவனுக்கு அது. சென்னையில் அடையாற்றையும் கூவத்தையும் இணைக்கிற பக்கிங்ஹாம் கால்வாய்த் துண்டு அந்தப் பஞ்சத்தில் வெட்டியதுதான்.

அதற்கு மேல் இன்று எழுத மனம் வரவில்லை.

செவ்வாய், ஆக்ஸ்ஃபோர்டு

பாடிங்டனிலிருந்து ஒரு மணி நேரம். ஸ்டேஷனிலிருந்து நேராக பிட் ரிவர்ஸ் அருங்காட்சியகம். இயற்கை வரலாற்று மியூசியத்தின் எலும்புக்கூடுகளைத் தாண்டிப் பின்னால் போனால் ஓர் இருட்டுக் கூடம். பிட் ரிவர்ஸ் என்ற ராணுவ அதிகாரி தன் சேகரிப்பைக் கொடுத்து 1884-ல் ஆரம்பித்தது. இங்கே நாடுவாரியாக எதையும் வைக்கவில்லை. பயன்வாரியாக வைத்திருக்கிறார்கள். விளக்கென்றால் உலகத்து விளக்கெல்லாம் ஒரே பெட்டியில், பூட்டென்றால் பூட்டெல்லாம் ஒரே பெட்டியில். பல பொருள்களில் நூலால் கட்டிய சின்னஞ்சிறு சீட்டுகள், எறும்பு எழுத்தில் மசியால் எழுதியவை. சஸெக்ஸில் ஒரு கிழவி கொடுத்த வெள்ளிப்பூச்சுப் பாட்டில் ஒன்று இருக்கிறது. உள்ளே ஒரு சூனியக்காரி இருக்கிறாளாம், திறந்துவிட்டால் தொல்லையாம். அந்தப் பேச்சையும் சேர்த்தே பதிந்து வைத்திருக்கிறார்கள். சுருக்கிய மனிதத் தலைகள் இங்கே வெகுகாலம் காட்சியில் இருந்தன. 2020-ல் அவற்றை எடுத்துவிட்டார்கள். சரியான முடிவு. யாரோ ஒருவருடைய பாட்டன் அவர்.

மதியம் வால்டன் தெருவிலிருந்து உள்ளே தள்ளியிருக்கும் செயின்ட் செபல்கர்ஸ் கல்லறைத் தோட்டத்துக்குப் போனேன். ஜி.யு. போப் இங்கேதான் இருக்கிறார். ஓரத்தில் ஒரு குடும்பம் ஏற்கெனவே நின்றுகொண்டிருந்தது. வேட்டி கட்டிய முதியவர், அவர் மகள், பத்து வயதுப் பேத்தி.

"தம்பி, நீங்கள் இந்தியாவோ?"

"ஆமாங்க ஐயா, தஞ்சாவூர்."

"போப் ஐயாவைப் பார்க்கத்தான் வந்தனீங்கள், என்ன? நாங்கள் ஹரோவிலை இருந்து வாறம். பிள்ளைக்கு இவரைக் காட்ட வேணுமெல்லோ."

'தமிழ் மாணவன்' என்று கல்லறையில் எழுதச் சொன்னார் என்ற கதை நமக்கெல்லாம் பள்ளிக்கூடத்திலிருந்தே மனப்பாடம். கல்லில் அப்படி ஒரு வரி இல்லை. பேத்தி குனிந்து ஆங்கிலத்தை எழுத்துக்கூட்டிப் படித்தாள். 'தென்னிந்தியாவைச் சேர்ந்த' போப் என்றுதான் பெயர் ஆரம்பிக்கிறது. குடும்பத்தாரும், தென்னிந்தியாவிலுள்ள அவருடைய தமிழ் நண்பர்களும் சேர்ந்து, அவருடைய வாழ்நாள் உழைப்பின்மீதுள்ள அன்பால் வைத்த கல் என்று அதில் இருக்கிறது. எனக்கு இது அந்தக் கதையைவிடப் பெரிதாகப் பட்டது. இறந்த ஒருவருக்காகக் கடல் தாண்டிப் பணம் அனுப்பிய மனிதர்கள் 1908-ல் இருந்திருக்கிறார்கள்.

முதியவர் செருப்பைக் கழற்றிவிட்டுச் சிவபுராணத்தைப் பாட ஆரம்பித்தார். ஆங்கிலிக்கன் பாதிரியார் ஒருவரின் கல்லறை முன்னால், முழுவதும், நிறுத்தாமல் பாடினார். நானும் தெரிந்த இடங்களில் சேர்ந்துகொண்டேன்.

போப் 1839-ல் சென்னையில் வந்து இறங்கியவர். சாயர்புரம், தஞ்சாவூர், ஊட்டி என்று நாற்பதாண்டுக்கு மேல் நம் நாட்டில் இருந்தார். பிரம்பைத் தாராளமாக எடுக்கும் கண்டிப்பான வாத்தியார் என்று பெயர். இங்கிலாந்து திரும்பி, பேலியல் கல்லூரியில் இருந்துகொண்டு 1886-ல் திருக்குறளை ஆங்கிலத்தில் தந்தார். திருவாசகத்தைத் தொடத் தயங்கியபோது, கல்லூரித் தலைவர் ஜோவெட், பெரிய வேலை ஒன்று கையில் இருந்தால் ஆயுள் நீளும், முடிக்கும்வரை இருப்பாய் என்று சொன்னதாகப் போப்பே முன்னுரையில் எழுதியிருக்கிறார். 1900-ல், தன் எண்பதாவது பிறந்த நாளன்று அவர் அந்த முன்னுரையை முடித்தார்.

அந்த ஜோவெட்டும் இதே தோட்டத்தில்தான் புதைந்திருக்கிறார். லான்ஸ்டவுன், எல்ஜின், கர்சன் என்று அடுத்தடுத்து மூன்று வைஸ்ராய்கள் அவருடைய பேலியலில் படித்தவர்கள். ஒரே கல்லூரி திருவாசகத்தையும் வளர்த்தது, கர்சனையும் வளர்த்தது. பிராட் தெரு முனையில் பழைய இந்திய நிறுவனக் கட்டடத்தின் உச்சியில் அம்பாரி யானை ஒன்று காற்றுத் திசைகாட்டியாகச் சுற்றுகிறது. அதை அண்ணாந்து பார்த்தபோது இதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

புதன், ஹே-ஆன்-வை

ஹெர்ஃபோர்டு வரை ரயில், அப்புறம் பஸ். ஹேவுக்கு ஒரு காலத்தில் ரயில் இருந்தது, 1962 கடைசியில் மூடிவிட்டார்கள். அதே 1962-ல்தான் ரிச்சர்ட் பூத் என்பவர் இந்த ஊரின் பழைய தீயணைப்பு நிலையத்தில் பழைய புத்தகக் கடை போட்டார். சுமார் 2,000 பேர் வாழும் ஊர். மூடிக்கொண்டிருந்த அமெரிக்க நூலகங்களிலிருந்து கன்டெய்னர் கன்டெய்னராகப் புத்தகம் இறக்கினார். ஒவ்வொரு கடையாகப் பெருகி ஊரே புத்தகச் சந்தை ஆனது.

1977 ஏப்ரல் 1-ஆம் தேதி பூத் ஹேயைத் தனி நாடு என்று அறிவித்துத் தன்னை ராஜாவாக்கிக்கொண்டார். அவருடைய குதிரை பிரதம மந்திரி. பாஸ்போர்ட் அச்சிட்டு விற்றார். செங்கோல் போன்றவை கழிப்பறைத் தண்ணீர்த் தொட்டியின் மிதவைப் பந்திலும் செம்புக் குழாயிலும் செய்தவை. உண்மையான சாம்ராஜ்யம் கையைவிட்டுப் போன பிறகு அதன் சடங்குகளையெல்லாம் ஒருவர் விளையாட்டாக்கினார், ஊருக்குப் பிழைப்பும் வந்தது, யாருக்கும் ஒரு கீறல்கூட இல்லை. பூத் 2019-ல் மறைந்தார். நான் மிகவும் மதிக்கிற பிரிட்டிஷ் ராஜா இவர்தான்.

கோட்டைக்குக் கீழே திறந்தவெளியில் அலமாரிகள் நிற்கின்றன. விற்பவர் யாரும் இல்லை. புத்தகத்தை எடுத்துக்கொண்டு காசைப் பெட்டியில் போட வேண்டும். மழைச்சாரலில் அட்டைகள் கொஞ்சம் உப்பியிருக்கின்றன. ஓய்வுபெற்ற கலெக்டர்களின் நினைவுகள், புலி வேட்டைக் கதைகள், ரயில் பாதை போட்டவரின் டைரி, மிஷன் ஆஸ்பத்திரி டாக்டரின் கடிதங்கள். ஒரு தேயிலைத் தோட்டத் துரையின் நினைவுப் புத்தகத்தைப் பிரித்தேன். முதல் பக்கத்தில், 1931 கிறிஸ்துமஸுக்கு அம்மா கொடுத்தது என்று சாய்ந்த கையெழுத்து. உள்ளே நாய்களுக்கெல்லாம் பெயர் இருக்கிறது. கொழுந்து பறித்தவர்களில் ஒருவருக்கும் பெயர் இல்லை. மலைக்கு அவர்கள் எங்கிருந்து வந்தார்கள் என்று ஒரு வரியும் இல்லை. புத்தகத்தை வாங்கிக்கொண்டேன். இந்த மௌனமும் ஓர் ஆவணம்தான், அலமாரியில் இருக்க வேண்டும்.

இன்னொரு கடையில், இந்தியாவில் இருந்த ஆங்கிலேயர் பேச்சில் கலந்த நம் சொற்களைத் தொகுத்த ஹாப்சன்-ஜாப்சன் அகராதியின் பழைய பதிப்பு கிடைத்தது. விலை கட்டுப்படியாகவில்லை. நின்றபடியே வெகுநேரம் புரட்டினேன். அதை எழுதிய இருவரில் ஒருவரான பர்னெல் எங்கள் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர். பகலில் வழக்கு, மற்ற நேரமெல்லாம் சுவடி. அரண்மனையில், இன்று நாம் சரஸ்வதி மகால் என்கிறோமே அங்கே, சமஸ்கிருதச் சுவடிகளைப் பார்த்து 1880-ல் பட்டியல் வெளியிட்டார். உடம்பு உடைந்து 1882-ல், 42 வயதில் இறந்தார். அகராதியை ஹென்றி யூல் தனியாக முடித்து 1886-ல் கொண்டுவந்தார். முன்னுரையில் நண்பரைப் பற்றி எழுதியிருப்பதைப் படிக்கும்போது எனக்குத் தொண்டை அடைத்தது. ஆள வந்தவர்தான். ஆனால் அந்தச் சுவடிகளுக்காக அவர் கண்ணையும் உடம்பையும் கொடுத்தது பொய் இல்லையே.

வியாழன், ஷ்ரூஸ்பரி

நாளெல்லாம் பயணம், மழை. ஷ்ரூஸ்பரி சதுக்கத்தில் ராபர்ட் கிளைவ் வெண்கலத்தில் நிற்கிறார். இந்த ஊருக்கு எம்.பி.யாகவும் மேயராகவும் இருந்தவர். 2020-ல் சிலையை எடுக்கச் சொல்லி மனுக்கள் போயின, கவுன்சில் மறுத்துவிட்டது. அவ்வளவு பெரிய உருவத்தின் கீழே ஒரு புறா மழைக்கு ஒதுங்கியிருந்தது.

விடுதியில், பிரிட்டிஷ் சாம்ராஜ்யத்தின் வரலாற்றை எழுதிய ஜான் மோரிஸின் 'பாக்ஸ் பிரிட்டானிகா'வை மறுபடி எடுத்தேன். 1968-ல் வந்த புத்தகம், மூன்று பாக வரிசையின் நடுப்பாகம். 1897 ஜூன் 22-ஆம் தேதி, வைர விழா ஊர்வலத்துக்குக் கிளம்பும் முன் விக்டோரியா ராணி தன் அரண்மனையில் ஒரு பொத்தானை அழுத்துகிறார். என் அன்பு மக்களுக்கு நெஞ்சார நன்றி, கடவுள் அவர்களை ஆசீர்வதிக்கட்டும் என்ற செய்தி தந்திக் கம்பிகள் வழியே உலகம் முழுக்கப் போகிறது. ஆங்கிலத்தில் இதைவிடக் கம்பீரமான வரலாற்றுத் தொடக்கத்தை நான் படித்ததில்லை. எத்தனை தடவை படித்தாலும் சிலிர்க்கிறது.

அதே ஜூன் 22 இரவு புனேயில் நடந்தது இது. கவர்னர் மாளிகையில் வைர விழாக் கொண்டாட்டம் முடிந்து வண்டிகள் திரும்புகின்றன. பிளேக் அதிகாரி ராண்டை சாபேகர் சகோதரர்கள் கணேஷ்கிண்ட் சாலையில் சுடுகிறார்கள். கூட வந்த அயெர்ஸ்ட் அங்கேயே இறக்கிறார், ராண்ட் ஜூலையில் இறக்கிறார். பிளேக் சோதனை என்று சிப்பாய்கள் வீடு வீடாகப் புகுந்து, பெண்களைத் தெருவில் நிறுத்தி, சாமான்களை எரித்த கோபம் அது. நாடு பஞ்சத்திலும் இருந்தது. திலகரை ராஜத்துரோகத்துக்காகச் சிறையில் போட்டார்கள். தாமோதர் சாபேகரை மறு ஆண்டு தூக்கிலிட்டார்கள்.

அந்தத் தந்திச் செய்திக்கு இந்தியாவிலிருந்து போன பதில் அந்தத் துப்பாக்கிச் சத்தம் என்றே நான் படிக்கிறேன். இரண்டையும் ஒரே மேசையில் வைத்துப் படிக்காதவர்கள் பாதிப் புத்தகத்தைத்தான் படிக்கிறார்கள்.

வெள்ளி, பொவிஸ் கோட்டை

வெல்ஷ்பூல் ஸ்டேஷனிலிருந்து நடந்தே போகலாம். மான்கள் மேயும் பூங்காவின் நடுவே சிவப்புக் கல் கோட்டை, படிப்படியாக இறங்கும் தோட்டம், தோட்டத்தில் மேகம் போல வெட்டிவிட்ட பழைய யூ மரங்கள். அழகை மறுக்க முடியாது. உள்ளே ஒரு மூலையில் கிளைவ் மியூசியம். இந்தியாவிலிருந்தும் கிழக்காசியாவிலிருந்தும் வந்த ஆயிரத்துக்கு மேற்பட்ட பொருள்கள் இந்தச் சேகரிப்பில் உண்டு.

ராபர்ட் கிளைவ் இந்தக் கோட்டையில் வாழ்ந்ததில்லை. அவர் 1774-லேயே இறந்துவிட்டார். பத்தாண்டு கழித்து மகன் எட்வர்டு இந்தக் குடும்பத்துப் பெண் ஹென்ரியட்டாவை மணந்தார். எட்வர்டு 1798 முதல் 1803 வரை சென்னை கவர்னர். 1799 மே 4-ஆம் தேதி ஸ்ரீரங்கப்பட்டணம் விழுந்து திப்பு இறந்தது அவர் காலத்தில்.

திப்புவின் சிம்மாசனத்தைக் கோட்டை விழுந்ததும் உடைத்துப் பங்கு போட்டார்கள். அதன் கைப்பிடிச் சுவரில் இருந்த தங்கப் புலித்தலைகளில் ஒன்று இங்கே இருக்கிறது. என் முஷ்டி அளவுகூட இருக்காது. கண்ணாடிக்கு மிக அருகில் முகத்தை வைத்துப் பார்த்தேன். கண்ணிலும் நெற்றியிலும் மாணிக்கம், வைரம், மரகதம். வாய் திறந்திருக்கிறது, பல் வரிசை ஒவ்வொன்றாகத் தெரிகிறது. இதைச் செய்த தட்டாருக்குப் புலியின் மேலுதடு சுருங்குவது வரைக்கும் தெரிந்திருக்கிறது. பக்கத்தில் திப்புவின் கூடாரத் துணி. சாடியிலிருந்து கிளம்பும் பூச்செடிகள் வரைந்த சீட்டித் துணி. சிவப்பு இன்னும் மங்கவில்லை.

காப்பாளராக நின்ற வெள்ளைக்காரப் பாட்டி, எங்கிருந்து வருகிறீர்கள் என்று கேட்டார். தஞ்சாவூர் என்றேன். "ஹென்ரியட்டா சீமாட்டி அங்கே போயிருக்கிறாரே" என்று முகம் மலர்ந்தார். உண்மைதான். 1800-ல் கணவரைச் சென்னையில் விட்டுவிட்டு, இரண்டு மகள்களோடும் ஓவியம் கற்பிக்க ஓர் இத்தாலியப் பெண்ணோடும் யானை, ஒட்டகம், மாட்டு வண்டி சகிதம் ஆயிரம் மைலுக்கு மேல் சுற்றினார். வேலூர், பெங்களூரு, ஸ்ரீரங்கப்பட்டணம், திருச்சி, தஞ்சாவூர். போகிற வழியெல்லாம் செடியும் கல்லும் சேகரித்தார். கிளம்பும்போது பெரிய மகளுக்கே பதின்மூன்று வயதுதான். இளையவள் சார்லட் எழுதிய நாட்குறிப்பும் அம்மாவின் கடிதங்களும் 'பேர்ட்ஸ் ஆஃப் பாசேஜ்' என்று புத்தகமாகவே வந்திருக்கின்றன. அன்றைய தென்னாட்டைப் பெண்கள் கண்ணால் பார்த்த பதிவு அபூர்வம். தமிழில் வர வேண்டிய புத்தகம் இது. எந்தப் பதிப்பாளராவது செய்தால் முதல் பிரதிக்கு நான் இருக்கிறேன்.

ஆனால் அந்த ஊர்வலம் போன பாதை, ஓராண்டுக்கு முன் பீரங்கிகள் போன பாதை. திப்புவின் குடும்பத்தை வேலூர்க் கோட்டையில் காவலில் வைத்திருந்தார்கள். 1806-ல் அங்கே சிப்பாய்கள் எழுந்தபோது திப்புவின் கொடியைத்தான் ஏற்றினார்கள். இந்த அறையிலுள்ள விளக்கச் சீட்டுகள் முன்பைவிட நேர்மையாக, போரில் எடுத்தவை என்று சொல்கின்றன. அது நல்ல தொடக்கம். அந்தப் புலித்தலை மைசூரில் இருக்க வேண்டும் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. பாட்டியிடமும் அதைச் சொன்னேன். அவர் கொஞ்ச நேரம் பேசாமலிருந்தார். பிறகு, "இங்கே வருகிற இந்தியர்கள் பலர் இதைச் சொல்கிறார்கள். நான் ஒவ்வொரு தடவையும் அலுவலகத்துக்கு எழுதிக் கொடுக்கிறேன்" என்றார்.

சனி, லானஸ்டிம்டுயி

வெல்ஷ்பூலிலிருந்து ரயில் மலைகளைத் தாண்டிக் கடலைத் தொடுகிறது. பார்மவுத்தில் மௌதாக் ஆற்றின் முகத்துவாரத்தை நீளமான மரப்பாலத்தில் கடக்கும்போது பெட்டியில் இருந்த எல்லோரும் ஜன்னலுக்கு வந்துவிட்டார்கள். க்ரிக்கியத்தில் இறங்கி மேற்கே நடந்தால் லானஸ்டிம்டுயி.

இங்கே டுவைவோர் ஆற்றங்கரையில், பெரிய பாறை ஒன்றின் அடியில் லாயிட் ஜார்ஜ் இருக்கிறார். இந்தக் கிராமத்தில் வளர்ந்து, 1916 முதல் 1922 வரை பிரதமர். தென்னாப்பிரிக்காவில் பிரிட்டன் நடத்திய போயர் யுத்தத்தை எதிர்த்து 1901-ல் பர்மிங்ஹாமில் பேசப் போய், கும்பலிடமிருந்து போலீஸ்காரர் உடுப்பில் தப்பித்தவர். அதே ஆள் பிரதமராக இருந்தபோதுதான் ஜாலியன்வாலாபாக் நடந்தது.

ஜான் மோரிஸ் இந்த ஊருக்குப் பக்கத்தில், ஒரு பழைய பண்ணை மாளிகையின் குதிரைக் கொட்டிலை வீடாக்கி, கடைசிவரை வாழ்ந்தார். வீட்டைத் தேடிப் போகவில்லை. அது குடும்பத்தாருடைய இடம். ஆற்றோரம் நடந்தேன்.

1953-ல் எவரெஸ்ட் ஏறிய செய்தியை, பனி நிலை மோசம் என்று தொடங்கும் ரகசியச் சங்கேதத்தில் லண்டனுக்கு அனுப்பிய நிருபர் அவர். ராணி எலிசபெத்தின் முடிசூட்டு நாளில் அது வெளியானது. ஜேம்ஸ் என்ற ஆணாக அறியப்பட்டவர் 1972-ல் அறுவை சிகிச்சை செய்துகொண்டு ஜான் என்ற பெண்ணாக வாழ்ந்தார். மனைவி எலிசபெத்தோடு சட்டப்படி பிரிய வேண்டியிருந்தது, ஆனால் வீடு பிரியவில்லை. 2008-ல் இருவரும் மறுபடி சட்டப்படி இணைந்தார்கள். இரண்டு சிநேகிதர்கள், ஒரே வாழ்வின் முடிவில் என்று வெல்ஷிலும் ஆங்கிலத்திலும் பொறித்த கல்லறைக் கல்லை வீட்டு மாடிப்படிக்குக் கீழேயே வைத்திருந்தார்கள். 2020 நவம்பரில், 94 வயதில் ஜான் இறந்தார்.

சாம்ராஜ்யத்தைப் பற்றி இத்தனை ஆசையோடு எழுதியவர் தீவிர வெல்ஷ் தேசியவாதி, குடியரசுவாதி. தாம்பூலம், பேண்ட் வாத்தியம், கவர்னர் மாளிகைத் தோட்டம், தனியாகத் தீவில் கிடந்து பைத்தியமான அதிகாரி என்று ஒவ்வொன்றையும் தொட்டுப் பார்க்கும்படி எழுதுகிறார். எனக்கு அவரிடம் உள்ள குறை ஒன்றுதான். அந்தக் கணக்கைக் கட்டியவர்கள் அவர் பக்கங்களில் கூட்டமாக வருகிறார்கள், ஆளாக வருவது குறைவு. அதற்காக அவரை விட்டுவிட முடியாது. ஆண்டவர்கள் தங்களை எப்படிக் கண்ணாடியில் பார்த்துக்கொண்டார்கள் என்று இவ்வளவு துல்லியமாக வேறு யாரும் எனக்குக் காட்டியதில்லை. நம் பக்கத்தை நாம்தான் எழுத வேண்டும், அந்தப் பதினான்கு கிலோமீட்டர் அங்கே காத்திருக்கிறது.

நாளை லண்டன் திரும்புகிறேன். கையில் மூன்றாம் பாகம், 'ஃபேர்வெல் தி ட்ரம்பெட்ஸ்'. அது 1965 ஜனவரியில் சர்ச்சிலின் இறுதி ஊர்வலத்தில் முடிகிறது. 1943-ல் வங்காளத்தில் மக்கள் பட்டினியால் இறந்தபோது அவர்தான் பிரதமர். அந்தக் கடைசி அத்தியாயத்தை இந்தத் தடவை எப்படிப் படிக்கப் போகிறேன் என்று பார்க்க வேண்டும். ஷ்ரூஸ்பரி தாண்டியதும் ஆரம்பித்துவிடுவேன்.